ஒன்றரை ஸ்டாப்

கல்யாண வீடியோ பெயர்ப் பலகையில் தொடங்கும். பூவில் எழுதிய மணமக்கள் பெயர், பிறகு வாழைமரம், பிறகு மேளக்காரர்கள். அதற்கப்புறம்தான் மற்ற மனிதர்கள். பிரேம்நாத் இந்த வரிசையை இருபது வருடங்களாக எடுத்துவந்தான். உத்திரமேரூர் பஸ் நிலையத்துக்கு எதிரே மாடியில் அவனுடைய ஸ்டுடியோ. கீழே டீக்கடை. படியில் எப்போதும் யாராவது கிளாஸுடன் உட்கார்ந்திருப்பார்கள். தாண்டித்தான் ஏற வேண்டும்.

கல்யாணம் பேச வருகிறவர்கள் ஆல்பம் எத்தனை பக்கம், ட்ரோன் உண்டா என்று கேட்பார்கள். எல்லாம் பேசி முடித்துச் செருப்பை மாட்டிய பிறகு பெண்ணின் அம்மா மட்டும் திரும்பி வருவாள்.

"தம்பி, பொண்ணு கொஞ்சம் மாநிறம். செவப்பா தெரியற மாதிரி எடுத்துடுப்பா."

எடுத்துவிடுவான். வழி சுலபமானது. லென்ஸுக்குள் வெளிச்சம் போகிற துளையைச் சற்று அதிகமாகத் திறக்க வேண்டும். அந்தத் திறப்புக்கு ஸ்டாப் என்று கணக்கு. ஒரு ஸ்டாப் திறந்தால் வெளிச்சம் இரண்டு மடங்கு. எங்கள் பக்கத்து மணப்பெண்ணுக்கு ஒன்றரை ஸ்டாப் போதும் என்று அவன் அனுபவத்தில் கண்டுபிடித்திருந்தான். பின்னால் உள்ள ஜன்னல், மாப்பிள்ளையின் வேட்டி, மேடைத் துணி எல்லாம் வெளுத்து ஒன்றாகிப் போகும். அதை யார் பார்க்கிறார்கள்? அப்படியும் கறுப்பு மிச்சமிருந்தால் அவன் மனைவி பிருந்தா கம்ப்யூட்டரில் பார்த்துக்கொள்வாள். ஆல்பம் வடிவமைப்பது அவள் வேலை. அவர்களுடைய கல்யாண ஆல்பத்திலேயே இரண்டு பேரும் சுண்ணாம்பு அடித்ததுபோல் இருப்பார்கள்.

இருபத்தேழாவது வயதில் அவன் சினிமாவுக்குப் போனான். கோடம்பாக்கத்தில் ஓர் ஒளிப்பதிவாளரிடம் உதவியாளன். லென்ஸ் பெட்டி தூக்கினான், டேப் பிடித்துத் தூரம் அளந்தான், ஐந்து வருடம் கழித்து, வெளிச்சத்தை அளந்து லென்ஸில் வைக்க வேண்டிய எண்ணைக் காட்டும் லைட் மீட்டரைக் கையில் கொடுத்தார்கள். ஏழு படங்கள். இரண்டு வெளிவரவில்லை. முகூர்த்த மாதங்களில் ஊருக்கு வந்து கல்யாணம் எடுப்பான். ஆடியிலும் மார்கழியிலும் கல்யாணம் கிடையாது, சென்னைக்குப் போய்விடுவான். கோடம்பாக்கத்தில் அவனை உத்திரமேரூர் என்று கூப்பிட்டார்கள். உத்திரமேரூரில் சினிமாக்காரன் என்றார்கள்.

"ரெண்டு ஊர்லயும் உங்க பேரு ஒருத்தனுக்கும் தெரில" என்பாள் பிருந்தா.

செந்தமிழன் என்ற இளம் இயக்குநர் அவனைத் தேடி வந்ததும் ஒரு கல்யாண வீடியோவால்தான். அவன் அக்காவின் கல்யாணத்தை பிரேம்நாத் எடுத்திருந்தான். அதில் ஒரு இடம். பந்தி முடிந்த கூடத்தில், எச்சில் இலைகளுக்கு நடுவே பெண்ணின் அம்மா தனியாக உட்கார்ந்து கழுத்துச் சங்கிலியை முன்னும் பின்னும் இழுத்துக்கொண்டிருக்கிறாள். பதினோரு விநாடி. யாரும் எடுக்கச் சொல்லாத ஷாட்.

"எங்கம்மாவ நான் அப்டிப் பாத்ததே இல்லண்ணா" என்றான் செந்தமிழன். "என் படத்துக்கு நீங்கதான்."

அப்போது பிரேம்நாத்துக்கு முப்பத்தொன்பது வயது. ஒளிப்பதிவாளராக முதல் படம். இது சரியாக வராவிட்டால் இரண்டாவது படம் என்று ஒன்று இருக்காது. அதை அவனுக்கு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஐப்பசி முகூர்த்தங்களை வேறு ஆட்களிடம் விட்டுவிட்டு ஒத்துக்கொண்டான்.

மானாம்பதிக்குப் போகிற வழியில் ஓர் ஏரி. கரைக்குக் கீழே, தாழ்ந்த இடத்தில் இருபத்திரண்டு இருளர் வீடுகள். பெருமழை பெய்தால் ஏரி வழிந்து முதலில் அங்கேதான் வரும். கதை அதைப் பற்றியது. மழைமேகம் வரும்போது ஊரெல்லாம் சந்தோஷப்படுகிறது. ஒரு பெண் மட்டும் மேகத்தைப் பார்த்து, எதையெல்லாம் மூட்டை கட்டுவது என்று மனதுக்குள் கணக்குப் போடுகிறாள். அவள் கரையில் நின்று மேகத்தைப் பார்க்கிற ஒரு ஷாட்டுக்காகத்தான் படமே எடுப்பதாக செந்தமிழன் சொன்னான்.

அந்தப் பெண்ணாக நடித்தவர் கங்கம்மாள். அந்த வீடுகளிலேயே இருப்பவர். நடவு, களையெடுப்பு, கூலி வேலை. ஏரி மூன்று முறை அவர் வீட்டுக்குள் வந்து போயிருக்கிறது. நடிப்பு எப்படி என்று செந்தமிழன் கேட்டபோது, "மேகத்தப் பாக்கணும், அவ்ளோதான? அத்த வருசா வருசம் சும்மாவே பாத்துக்கினு கீறேன்" என்றார்.

படப்பிடிப்பு தொடங்கிய இரண்டாம் நாளே மேகம் வந்தது. கிழக்கே ஏரிக்கு மேல், எருமைத்தோல் நிறத்தில். யூனிட் ஓடியது. கங்கம்மாள் முதலில் கரையிலிருந்து இறங்கித் தண்ணீர் ஓரத்தில் போய் நின்றார். பிரேம்நாத் அவரை மேலே கூப்பிட்டான். கரைமேல் நின்றால் வெளிச்சம் அதிகம். பக்கவாட்டில் முகம், அதற்கு எதிரே ஏரியும் மேகமும். அவர் பார்த்தார். செந்தமிழன் கட் சொல்ல மறந்து நின்றான். நான்கு டேக். பிறகு காற்று மேகத்தை வடக்கே தள்ளிக்கொண்டு போய்விட்டது. மழை பெய்யவில்லை.

மூன்றாம் நாள் சாயங்காலம், எடுத்ததைக் காட்டச் சொல்லி வீடுகளிலிருந்து நச்சரித்தார்கள். கங்கம்மாள் வீட்டு டிவியில் செந்தமிழன் லேப்டாப்பை இணைத்தான். வாசல் வரை கூட்டம்.

"யக்கா, யாரு இது? வடநாட்டுக்காரியா?"

"கங்கம்மா, செவந்து பூட்டியே. எந்த சோப்பு?"

"நாள பின்ன களையெடுக்க வருவியா, இல்ல கார்ல வருவியா?"

எல்லோரும் சிரித்தார்கள். பிரேம்நாத்தும் சிரித்தான். முகம் நன்றாகத்தான் இருந்தது.

கங்கம்மாள் சிரிக்கவில்லை. டிவிக்குப் பக்கத்தில் போய் நின்று பார்த்தார்.

"தம்பி, மேகம் எங்க?"

"பின்னாடி கீது பாருங்கக்கா" என்றான் பிரேம்நாத்.

"எங்க கீது? வெள்ளையா கீது. நான் இன்னாத்தப் பாத்துக்கினு நிக்கிறேன்?"

பிரேம்நாத் லேப்டாப்பை வாங்கிப் படத்தின் வெளிச்சத்தைக் குறைத்தான். முகம் இறங்கித் தன் நிறத்துக்கு வந்தது. கன்னத்துக் கோடுகள் வந்தன. வானம் வெள்ளையிலிருந்து சாம்பலாயிற்று. இன்னும் குறைத்தான். சாம்பல் இன்னும் அழுக்கானது. மேகம் வரவில்லை. அதிக வெளிச்சத்தில் எரிந்துபோன வெள்ளையில் எதுவும் பதிந்திருப்பதில்லை.

நான்கு டேக்கும் அப்படித்தான்.

வெளியே வந்தான். அவனுடைய ஒரே உதவியாளர் பிரிஸ்கில்லா, செங்கல்பட்டுப் பெண், ஜீப்பில் உட்கார்ந்து லென்ஸ் துடைத்துக்கொண்டிருந்தாள். மேகம் எடுத்த நாளின் கேமரா ரிப்போர்ட்டைக் கேட்டான். ஒவ்வொரு ஷாட்டுக்கும் மீட்டர் காட்டிய எண்ணையும் லென்ஸில் வைத்த எண்ணையும் அவள் எழுதிவைப்பாள். மீட்டர் எட்டு என்றிருந்தது. லென்ஸ் ஐந்து புள்ளி ஆறுக்கும் நாலுக்கும் நடுவில் இருந்தது. எண் குறையக் குறையத் துளை பெரிது. சரியாக ஒன்றரை ஸ்டாப்.

"நான் எப்ப தொறந்தேன்?"

"எட்டுன்னு சொன்னேன் சார். தலைய ஆட்டினீங்க. அப்புறம் அந்தம்மா மூஞ்சியப் பாத்துக்கினே தொறந்தீங்க."

"ஏன் கேக்கல?"

"ஆர்ட்டுன்னு நெனச்சேன்."

அவனுக்குத் திறந்த ஞாபகம் இல்லை. கறுத்த முகம் ஒன்று எதிரே வந்ததும் விரல் தானாகப் போயிருக்கிறது. ஏழு படங்களில் இது நடக்கவில்லை. அங்கே எண்ணைச் சொன்னது வேறொருவர்.

செந்தமிழனிடம் சொன்னான்.

"நானும்தாண்ணா மானிட்டர்ல பாத்தேன். அவங்க கண்ண மட்டும் பாத்துக்கினு இருந்துட்டேன்." பிறகு சொன்னான், "வுடுங்க. சிஜில, கம்ப்யூட்டர்லயே மேகம் போட்டுக்கலாம். யாருக்குத் தெரியப்போவுது?"

"அந்தம்மாவுக்குத் தெரியும்."

"அவங்களுக்குத் தெரியும்" என்று அவனும் ஒத்துக்கொண்டான்.

வீட்டுக்குப் போகிற வழியில் பிரேம்நாத் ஸ்டுடியோவுக்கு ஏறினான். பிருந்தா ஓர் ஆல்பத்தில் இருந்தாள். திரையில் ஒரு மணப்பெண், காகித வெள்ளை.

"இந்தப் பொண்ணு அசலா எப்டி இருக்கும்?"

"யாருக்குத் தெரியும்? நீங்க எடுக்கும்போதே ஏத்திக்கினு வந்துடறீங்க. நான் அதுக்கு மேல ஏத்தறேன்." அவன் முகத்தைப் பார்த்தாள். "இன்னா ஆச்சி?"

சொன்னான். அவள் நாற்காலியைத் திருப்பினாள்.

"இதுக்கா இவ்ளோ பேஜார்? குடுங்க என்னாண்ட. பத்து நிமிசத்துல மேகம் வெக்கறேன். போன வாரம் களியாம்பூண்டி மாப்ளைக்கு சுவிட்சர்லாந்தே வெச்சேன்."

"மாப்ள சுவிட்சர்லாந்தப் பாக்கல. கேமராவப் பாத்தான். இந்தம்மா மேகத்தப் பாக்கறாங்க. எந்த மேகத்த வெச்சாலும் கண்ணு வேற எதையோ பாக்கும்."

பிருந்தா திரையில் இருந்த பெண்ணைச் சிறிது நேரம் பார்த்தாள்.

"அப்ப தயாரிப்பாளருக்கு நீங்களே போன் பண்ணிடுங்க" என்றாள். "டைரக்டர் சொல்லித் தெரிஞ்சா கெட்ட பேரு."

தயாரிப்பாளர் விஜயராகவன் நெல் அரைக்கும் மில் வைத்திருப்பவர். படம் எடுப்பது இதுதான் முதல் தடவை. போனில் மில் ஓடுகிற சத்தத்துக்கு மேலே கத்திப் பேச வேண்டியிருந்தது. முக்கியமான ஷாட் கெட்டுப்போய்விட்டது, தப்பு என்னுடையது, மறுபடி எடுக்க வேண்டும் என்று பிரேம்நாத் கத்தினான். மில் நின்றது.

"வேற கேமராமேன் போட்டா மேகம் வருமா?"

"வராது சார்."

"சரி, நீயே இரு. ஆனா கேட்டுக்கோ பிரேமு. ஏரியில இன்னும் ஒம்போது நாளுதான். ஒரு நாள் கூட நீட்ட மாட்டேன். அதுக்குள்ள மேகம் வந்தா எடு. வரலன்னா கம்ப்யூட்டர்ல வெச்சிக்க. அப்டி வெச்சா, அடுத்த ஷெட்யூலுக்கு நான் வேற ஆளத்தான் பாப்பேன். தப்பா நெனைக்காத."

மில் மறுபடி ஓடத் தொடங்கியது.

மறுநாள் வானம் கழுவிவிட்டதுபோல் இருந்தது. அதற்கடுத்த நாளும். மற்றக் காட்சிகளை எடுத்தார்கள். பிரேம்நாத் பிரிஸ்கில்லாவிடம் ஒன்று சொல்லியிருந்தான். மீட்டர் எண்ணைச் சொன்னால் மட்டும் போதாது. டேக்குக்கு முன்னால் லென்ஸ் எண்ணைத் திருப்பிக் கேட்க வேண்டும். அவள் அதை யூனிட் முழுக்கக் கேட்கும்படி செய்தாள்.

"மீட்டர் பதினொன்னு. நீங்க எங்க கீறீங்க சார்?"

"பதினொன்னு."

"கை எங்க?"

"எடுத்துட்டேன்."

லைட்மேன்கள் சிரித்தார்கள். நாஷ்டாவுக்கு இட்லி வாங்கும்போதுகூட ஒருத்தன், "மீட்டர் நாலு, நீங்க எங்க கீறீங்க?" என்றான்.

கங்கம்மாள் கேமராவுக்குப் பக்கத்தில் வந்து உட்காருவார். பிரேம்நாத் போனில் வானிலை பார்த்துக்கொண்டிருப்பான்.

"இன்னா சொல்லுது?"

"கடல்ல காத்தழுத்தம் கீதுன்றான். வரும்னும் சொல்றான். வராதுன்னும் சொல்றான்."

"நீ வரணும்னு வேண்டிக்கினு கீற. நான் வரக்கூடாதுன்னு வேண்டிக்கினு கீறேன்." புடவை முந்தானையால் முகத்தைத் துடைத்தார். "எங்க சாமி கன்னியம்மா யார் பேச்சக் கேக்கறான்னு பாப்போம்."

அவர் கோபமாகச் சொல்லவில்லை. ஆனாலும் அன்றிலிருந்து அவனால் முன்போல மேகத்துக்கு ஆசைப்பட முடியவில்லை. வீட்டுச் சுவரில் முட்டி உயரத்துக்குப் பழைய தண்ணீர்க் கறை இருந்தது. அரிசிச் சாக்கை அதற்கு மேலே, கயிற்றில் தொங்கவிட்டிருந்தார்கள்.

ஆறாம் நாள் அவன் அவரிடம் கேட்டான். "அக்கா, அன்னிக்கி மொதல்ல தண்ணி ஓரமா எறங்கினீங்க. நான் மேல கூப்டேன். ஏன் எறங்கினீங்க?"

"கல்லப் பாக்கத்தான்."

"எந்தக் கல்லு?"

கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். தண்ணீருக்குள் ஒரு வெட்டுக்கல் பாதி தெரிந்தது. "இது முழுகிச்சின்னா வூட்ட காலி பண்ணணும். மேகத்த மட்டும் பாத்தா இன்னா தெரியும்? கல்லப் பாத்துட்டு மேகத்தப் பாக்கணும். எவ்ளோ எடம் கீது, எவ்ளோ வரும்னு."

பிரேம்நாத் அங்கேயே நின்றான். கீழே தண்ணீர், பகல் வெளிச்சத்தை வாங்கி மேலே வீசிக்கொண்டிருந்தது. கங்கம்மாளின் தாடைக்குக் கீழே, மூக்கின் ஓரத்தில், கண்ணுக்குள் அது அசைந்தது. மீட்டரை எடுத்து அவர் முகத்தருகே பிடித்தான். கரைமேல் இருந்ததைவிட அரை ஸ்டாப் கூடுதலாகக் காட்டியது. எதையும் திறக்காமல்.

எட்டாம் நாள் மத்தியானம் சாப்பாட்டின்போது காற்று நின்றது. கிழக்கே ஏரியின் அந்தக் கரை கறுத்தது. இந்த முறை யாரும் ஓடவில்லை. தட்டுகளை வைத்துவிட்டு நடந்தார்கள். பிரேம்நாத் கேமராவைத் தண்ணீர் ஓரத்தில், சேற்றில், ஒரு பலகைமேல் நிறுத்தினான்.

கங்கம்மாள் வந்து கல்லுக்கு நேரே நின்றார். அவர் நடிப்பதற்காக வரவில்லை என்பது நடையிலேயே தெரிந்தது.

மேகம் தொடுவானத்தைத் தொடவில்லை. இடையில் ஒரு விரல் அகலத்துக்கு வெளிச்சம் மிச்சம் இருந்தது. அது ஏரியின் மேல் விழுந்து நீளமாக வந்து அவர் முகத்தில் முடிந்தது.

"மீட்டர் அஞ்சு புள்ளி ஆறு" என்றாள் பிரிஸ்கில்லா. சத்தமாகச் சொல்லவில்லை. "நீங்க எங்க கீறீங்க?"

"அஞ்சு புள்ளி ஆறு."

"கை?"

அவன் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.

கங்கம்மாள் கல்லைப் பார்த்தார். மேகத்தைப் பார்த்தார். மறுபடியும் கல்லை. முகம் கறுப்பாக, முழுதாக, மேகத்துக்கு எதிரே அதே கனத்தோடு இருந்தது. உதடுகள் லேசாக அசைந்தன. எதையோ எண்ணிக்கொண்டிருந்தார். முதல் துளி தண்ணீரில் விழுந்தது. அவர் திரும்பி, கேமராவைக் கடந்து, புடவையைத் தூக்கிச் செருகியபடி வீட்டை நோக்கி வேகமாக நடந்தார். திரைக்கதையில் அப்படி இல்லை.

"கட்" என்றான் செந்தமிழன்.

அவர் நிற்கவில்லை.

கேமராவை வண்டியில் ஏற்றியதும் பிரேம்நாத், ஜெனரேட்டருக்குப் போடுகிற பெரிய தார்ப்பாயை எடுத்துக்கொண்டு அவர் பின்னால் ஓடினான். லைட்மேன்கள் மற்றதை எடுத்துவந்தார்கள். சாயங்காலம் வரை மூட்டைகளை மேடான சாலைக்குச் சுமந்தார்கள். மழை விடாமல் பெய்தது. கல் முழுகியது. ஐந்து மணி வாக்கில் ஏரித் தண்ணீர் முதல் வீட்டின் வாசல் வரை வந்து, அங்கே நின்றது. உள்ளே வரவில்லை. ஆறு மணிக்கு மழை தூறலாயிற்று.

"கன்னியம்மா ரெண்டு பேர் பேச்சயும் கேட்டுட்டா" என்றார் கங்கம்மாள். தலையில் இன்னும் ஒரு மூட்டை இருந்தது. "இத்த எறக்கு மொதல்ல."

இரண்டு நாள் கழித்து மின்சாரம் வந்ததும் அதே டிவியில் போட்டுக் காட்டினார்கள். வீடுகள் இன்னும் ஈரமாக இருந்தன. மேகம் திரையில் மடிப்பு மடிப்பாக ஏறியது. யாரும் கேலி செய்யவில்லை. கடைசியில் ஒரு பெண் மட்டும், "இன்னா யக்கா, மறுபடி கறுத்துட்ட?" என்றாள்.

"மழ நாள்ல வேற எப்டிடீ இருப்பேன்?" என்றார் கங்கம்மாள். டிவி பக்கத்தில் போய் விரலால் திரையைத் தொட்டார். "கல்லு கீது. மேகம் கீது. சரி."

அவ்வளவுதான் சொன்னார்.

அன்று சாயங்காலமே விஜயராகவன் போன் செய்தார்.

"வந்துச்சா உன் மேகம்?"

"வந்துச்சி சார். எடுத்துட்டேன்."

"எனக்கும் வந்துச்சி. களத்துல காயவெச்ச நெல்லு பூரா நனைஞ்சி போச்சி." சாக்கை உள்ளே இழுக்கச் சொல்லி யாரையோ அதட்டினார். "செந்தமிழன் போன்ல அனுப்பினான், பாத்தேன். என் சம்சாரமும் பாத்தா. பாத்துட்டு, மாடியில காயப்போட்ட துணிய எடுக்கப் போனா. பிரேமு, தை மாசம் பத்துலருந்து அடுத்த ஷெட்யூலு. தேதிய எழுதிக்க."

பிரேம்நாத் ஸ்டுடியோ நாட்காட்டியில் எழுதப் போனான். தை பத்தில் ஏற்கெனவே பிருந்தாவின் கையெழுத்து இருந்தது. திருமுக்கூடலில் ஒரு கல்யாணம்.

"ஆள் கிடைக்காதே. அன்னிக்கி எல்லாரும் பிசி" என்றான்.

"எதுக்கு ஆளு? நான் எடுக்கறேன்." அவள் அலமாரியிலிருந்து கேமராவை எடுத்து மேஜைமேல் வைத்தாள். "இத்தினி வருசமா நீங்க எடுத்துக்கினு வரத சரி பண்ணிக்கினு கீறேன். எனக்கு எடுக்கத் தெரியாதா? மீட்டர எப்டிப் பாக்கறதுன்னு மட்டும் காட்டுங்க."

காட்டினான். ஜன்னல் பக்கம் திரும்பி அவன் முகத்துக்கு நேரே மீட்டரை நீட்டினாள்.

"நாலுன்னு காட்டுது."

"நாலு வை."

"பொண்ணோட அம்மா செருப்ப மாட்டிக்கினு திரும்பி வந்தாங்கன்னா?"

பிரேம்நாத் ஜன்னலைக் காட்டினான்.

"ஜன்னலோரமா ஒரு நல்ல எடத்துல பொண்ண நிக்க வைக்கறேன்னு சொல்லு."

பிருந்தா லென்ஸை நாலில் வைத்தாள். பிறகு இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு அவனைப் பார்த்தாள். யூனிட்டில் யாரோ அவளிடம் சொல்லியிருக்க வேண்டும்.

"அப்டி நின்னுக்கினா யாரு பட்டன அமுக்கறது?" என்றான் அவன்.

அவள் ஒரு கையை எடுத்து அமுக்கினாள். திரையில் அவன் வந்தான், மாநிறமாக, கண்ணுக்குக் கீழே சிறிய நிழலோடு. ஜன்னலுக்கு வெளியே பஸ் நிலையமும், அதற்கு மேலே இன்னும் மேகம் கலையாத வானமும் தெரிந்தன.